பூச்சி இறகில் ஒரு படம்

சிங்கப்பூரில் தமிழ்ப் படம் எடுப்பது பற்றி நான்கு பேர் கூடிப் பேசினால், பேச்சு எங்கெங்கோ சுற்றிக் கடைசியில் ஒரே இடத்தில் வந்து உட்கார்ந்துகொள்ளும். "நமக்குச் சந்தை இல்லை." காப்பிக்கடையில் கேட்டிருக்கிறேன், நூலகக் கூட்டத்தில் கேட்டிருக்கிறேன், திரையிடல் முடிந்து மின்தூக்கிக்குக் காத்திருக்கும்போதும் கேட்டிருக்கிறேன். சொல்பவர்கள் சோம்பேறிகள் இல்லை. நள்ளிரவு தாண்டி எடிட்டிங் செய்துவிட்டுக் காலையில் வேலைக்குப் போகிறவர்கள். அவர்கள் போடும் கணக்கும் சரிதான். 2020 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில், வீட்டில் பெரும்பாலும் தமிழே பேசுவதாகச் சொன்ன குடியிருப்பாளர்கள் 2.5 விழுக்காடு. அதில் படம் பார்க்க வருகிறவர்கள் எத்தனை பேர், டிக்கெட் வாங்குகிறவர்கள் எத்தனை பேர் என்று கழித்துக்கொண்டே போனால் மிஞ்சுவது ஒரு சிறிய அறை.

அந்தச் சிறிய அறையை நம்பியே வாழ்நாள் முழுவதும் படம் எடுத்த ஒருவரைப் பற்றி எழுத வேண்டும் என்று நெடுநாளாக நினைத்திருந்தேன். அவர் ஸ்டான் பிராக்கேஜ், அமெரிக்கர். 1933இல் மிசூரி மாநிலத்தின் கேன்சஸ் சிட்டியில் பிறந்து, கைக்குழந்தையாகத் தத்தெடுக்கப்பட்டு, கொலராடோவில் வளர்ந்தவர். 2003இல் கனடாவின் விக்டோரியா நகரில் இறந்தார். இடைப்பட்ட காலத்தில் 350க்கும் மேற்பட்ட படங்களை எடுத்தார். ஒன்று 9 நொடிதான் ஓடும். இன்னொன்று நான்கு மணி நேரத்துக்கும் மேல். பெரும்பாலானவற்றில் கதை கிடையாது, வசனம் கிடையாது, ஒலியே கிடையாது. திரையரங்குகளில் அவை ஓடவில்லை. கல்லூரி வகுப்பறைகளிலும் அருங்காட்சியகங்களிலும் திரைப்படச் சங்கங்களின் மடக்கு நாற்காலிகளுக்கு முன்னாலும் ஓடின. இன்றும் ஓடுகின்றன.

அவரிடம் போக எனக்குத் தெரிந்த நல்ல வாசல், 1963இல் அவர் செய்த 'மாத்லைட்'. நான்கு நிமிடத்துக்குள் முடிந்துவிடும் படம். அதற்குக் கேமராவே பயன்படுத்தப்படவில்லை.

அப்போது அவருக்கு மனைவி, பிள்ளைகள், கடன். படச்சுருள் வாங்கக் காசில்லை. இரவில் விளக்கைத் தேடி வந்து கருகி விழும் விட்டில் பூச்சிகளைப் பார்த்துக்கொண்டிருந்தவர், இதுதான் தன் நிலைமையும் என்று உணர்ந்ததாகப் பின்னாளில் சொல்லியிருக்கிறார். விளக்குகளின் அடியில் கிடந்த இறகுகளைப் பொறுக்கினார். பூவிதழ், புல், விதை, மெல்லிய இலை எல்லாவற்றையும் சேர்த்தார். 16 மில்லிமீட்டர் அகலமுள்ள, ஓரத்தில் பல் துளை போட்ட, ஒளி ஊடுருவும் ஒட்டு நாடா இருக்கிறது. அறுந்த படச்சுருளை ஒட்டுவதற்காக விற்பார்கள். அதில் ஒரு நீளத்தை விரித்து, ஒட்டும் பக்கத்தில் இறகுகளை ஒவ்வொன்றாக வைத்து, மேலே இன்னொரு நாடாவை ஒட்டி மூடினார். அதைப் படச்சுருள் பிரதி எடுக்கும் லேப்பில் கொடுத்துப் பிரதி எடுத்தார். படம் முடிந்தது.

இது எப்படித் திரையில் படமாகிறது என்பதைக் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும், ஏனென்றால் அழகு அங்கேதான் இருக்கிறது. புரொஜெக்டர் ஒரு நொடிக்கு 24 சட்டகங்களை, அதாவது சுருளில் உள்ள தனித்தனிப் படங்களை, விளக்கின் முன் நிறுத்தி நிறுத்தி இழுக்கிறது. 16 மி.மீ. சுருளில் ஒரு சட்டகத்தின் அகலம் ஏறக்குறைய ஒரு சென்டிமீட்டர், உயரம் அதைவிடக் குறைவு. ஒரு சின்னப் பூச்சியின் இறகு ஒரு சட்டகத்துக்குள் அடங்கிவிடலாம். ஒரு புல்லின் நீளமோ பல சட்டகங்களைத் தாண்டும். பிராக்கேஜ் இறகை வெட்டவில்லை, புல்லையும் வெட்டவில்லை. புரொஜெக்டர்தான் வெட்டுகிறது. அதனால் புல் திரையில் நெளிந்து நெளிந்து ஓடும் கோடாகிறது. ஒரே இனத்து இறகுகள் அடுத்தடுத்து வரும்போது, செத்த பூச்சி படபடக்கிறது. உயிரில்லாத ஒன்று மறுபடி ஒளியை நோக்கிப் போகிறது, இம்முறை எரியாமல். இந்த ஒரு நிகழ்வுக்காகவே திரைப்படக் கருவி கண்டுபிடிக்கப்பட்டது என்று யாராவது சொன்னால் நான் மறுக்க மாட்டேன்.

இதைச் சிங்கப்பூரில் இருந்துகொண்டு பார்க்கும்போது எனக்கு வேறொரு பூச்சியும் சேர்ந்தே நினைவுக்கு வருகிறது. மே மாதத்திலிருந்து ஆகஸ்ட் வரை நம் வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) அடுக்குமாடிகளின் நடைபாதைச் சுவர்களில், எம்ஆர்டி ரயில் நிலையத் தூண்களில், கைவிரல்களை விரித்து வைத்த அளவுக்கு ஒரு பெரிய பழுப்பு நிறப் பூச்சி அசையாமல் ஒட்டிக்கொண்டிருக்கும். இறகின் குறுக்கே ஒரு வெள்ளைக் கோடு. லைசா ஸாம்பா என்பது அதன் அறிவியல் பெயர். 2014இல் அது வழக்கத்தைவிட மிக அதிகமாகத் தென்பட்டது. எங்கள் மாடியில் உள்ள சீனப் பாட்டி ஒருவர் அதை விரட்ட விடமாட்டார். இறந்துபோன உறவினர் யாரோ பார்க்க வந்திருக்கிறார் என்பது அவர் நம்பிக்கை. மறுநாள் துப்புரவு ஊழியர் கூட்டித் தள்ளும்போது அந்த இறகுகள் படிக்கட்டில் கிடக்கும். பிராக்கேஜைப் பார்த்த பிறகு அந்த இறகுகளை மிதித்துவிட்டுப் போக எனக்குக் கால் வருவதில்லை. அதன் நரம்புகளை ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்துப் பார்க்கிறேன். ஒரு படம் பார்வையாளருக்குச் செய்யக்கூடிய உதவிகளில் இது சிறியது என்று நான் நினைக்கவில்லை.

தோ பாயோ வட்டாரத்தில் ஒரு நண்பர் வீட்டில் அவ்வப்போது சிலர் கூடிப் படம் பார்க்கிறோம். பலகாரம், தேநீர், பிறகு படம். பிராக்கேஜ் படங்களின் தொகுப்பு டிவிடியாக 2003இல் முதலில் வந்தது, 2010இல் இரண்டாவது வந்தது. அந்தத் தட்டுகளைத்தான் போட்டோம். முதல் படம் தொடங்கிய சில நொடிகளில் நண்பரின் பெரியம்மா குரல் கொடுத்தார்.

"தம்பி, சத்தம் வரவில்லையே. ஸ்பீக்கரைப் பார்."

"இல்லை பெரியம்மா, படமே இப்படித்தான். சத்தம் கிடையாது."

"முழுதும் கிடையாதா?"

"முழுதும்."

அதன் பிறகு அறையில் நடந்ததை நான் மறக்கவில்லை. முதலில் எல்லோரும் நெளிந்தார்கள். ஒருவர் இருமினார். மின்விசிறியின் சுழற்சி, கீழே பேருந்து நிறுத்தத்தில் பஸ் நின்று கிளம்பும் ஓசை, பக்கத்து வீட்டில் யாரோ பாத்திரம் கழுவுவது, எல்லாம் கேட்கத் தொடங்கின. பிறகு அவையும் கேட்கவில்லை. கண் மட்டும் வேலை செய்தது.

நம் சினிமா 1931இல் பேசத் தொடங்கிய நாள் முதல் பாடிக்கொண்டே இருக்கிறது. நாம் வசனத்தை மனப்பாடம் செய்கிறவர்கள். பாட்டை வைத்து ஆண்டைச் சொல்கிறவர்கள். பின்னணி இசை எப்போது அழ வேண்டும் என்று சொல்லிக்கொடுக்கிறது, நாமும் அழுகிறோம். இதைக் குறையாகச் சொல்லவில்லை. அந்தப் பாட்டுகள் இல்லாமல் என் இளமை இல்லை. ஆனால் இத்தனை ஆண்டுகளாகக் காதுதான் நம் கண்ணுக்கு வழி காட்டி வந்திருக்கிறது. கண்ணைத் தனியே விட்டால் அது எங்கே போகும் என்பது நம்மில் பலருக்குத் தெரியாது. பிராக்கேஜ் தம் தொடக்க காலப் படங்களில் ஒலியைப் பயன்படுத்தியவர். இசையை ஆழமாக நேசித்தவர், இளவயதில் நியூயார்க்கில் இசையமைப்பாளர்கள் ஜான் கேஜையும் எட்கார் வரேஸையும் தேடிப் போனவர். அப்படிப்பட்டவர் ஒலியை நீக்கியது இசை பிடிக்காமல் இல்லை. படத்துக்குள்ளேயே ஒரு தாளம் இருக்கிறது, வெட்டுகளின் வேகத்தில், நிறங்களின் ஏற்ற இறக்கத்தில். வெளியிலிருந்து இன்னொரு தாளத்தைப் போட்டால் இது கேட்காமல் போய்விடும் என்பது அவர் கருத்து. இணையத்தில் சிலர் அவருடைய படங்களுக்குத் தாங்களே இசை சேர்த்துப் போடுகிறார்கள். தயவுசெய்து அவற்றைப் பார்க்காதீர்கள்.

அன்று பெரியம்மா கடைசிவரை உட்கார்ந்திருந்தார். கையால் வண்ணம் தீட்டிய படம் ஒன்று முடிந்ததும் சொன்னார்: "கண்ணை இறுக்கி மூடிச் சாமி கும்பிடும்போது உள்ளே புள்ளி புள்ளியாக வருமே, அது மாதிரி இருக்கிறது." அறையில் இருந்த யாரும் அவருக்கு எதையும் விளக்கியிருக்கவில்லை. பிராக்கேஜ் தம் வாழ்நாள் முழுவதும் துரத்தியது அதைத்தான். கண்ணை மூடினாலும் பார்வை நின்றுவிடுவதில்லை. இமைக்குள் ஒளித்துகள்கள் நகர்கின்றன, தேய்த்தால் வண்ணங்கள் வெடிக்கின்றன, தூக்கம் வருமுன் உருவங்கள் மிதக்கின்றன. மூடிய கண்ணின் பார்வை என்று அதை அவர் குறிப்பிட்டார். திறந்த கண் பார்ப்பதை மட்டும்தான் கேமரா இதுவரை பதிந்திருக்கிறது, அதுவும் மறுமலர்ச்சிக் கால ஓவியர்கள் வகுத்த தொலைவு விதிகளின்படி செய்த லென்ஸ் வழியாக, என்பது அவருடைய புகார். அதனால் லென்ஸில் எச்சில் துப்பினார். குவியத்தைக் கலைத்தார். ஒளியை அளவுக்கு மேல் விட்டார், அளவுக்குக் கீழே குறைத்தார். கேமராவைக் கையில் பிடித்து, மூச்சும் நடையும் தெரியும்படி அசைத்தார். ஒரு படத்தின் மேல் இன்னொரு படத்தைப் பதித்தார். 1963இல் வந்த அவருடைய 'மெட்டஃபர்ஸ் ஆன் விஷன்' நூலின் தொடக்கத்திலேயே ஒரு கேள்வி வருகிறது: பச்சை என்ற பெயரே அறியாமல் தவழும் குழந்தைக்குப் புல்வெளியில் எத்தனை நிறங்கள் தெரியும்? அந்தக் குழந்தையின் கண்ணைத் திரும்பப் பெறுவதுதான் அவருடைய வேலை.

குழந்தை என்றதும் அவருடைய இன்னொரு படத்துக்கு வந்துவிட வேண்டும். 1959இல் வெளியான 'விண்டோ வாட்டர் பேபி மூவிங்'. அவரும் முதல் மனைவி ஜேனும் பெற்ற மூத்த மகளின் பிறப்பு. மருத்துவமனையில் படமெடுக்க முடியாது என்றானதும் வீட்டிலேயே பிரசவம் நடந்தது. மருத்துவரும் செவிலியும் உடன் இருந்தார்கள். படம் ஏறத்தாழ 12 நிமிடம். குளியல் தொட்டியில் ஜேன் படுத்திருக்கிறார். ஜன்னல் வெளிச்சம் ஈரமான வயிற்றின் மேல் விழுந்து நழுவுகிறது. கணவன் கை, மனைவி கை, வயிற்றுக்குள்ளிருந்து ஓர் அசைவு. பிறகு வலி, இரத்தம், தலை. நடுவே மறுபடி அந்த ஜன்னல், அந்தத் தண்ணீர். நிகழ்ந்த வரிசையில் அவர் அடுக்கவில்லை. பிரசவ வலியின் நடுவே அந்தப் பிற்பகலின் அமைதி வந்து வந்து போகிறது. குழந்தை வெளியே வந்ததும் கேமராவை ஜேன் வாங்கிக்கொள்கிறார். பரவசத்தில் என்ன செய்வதென்று தெரியாமல் சிரிக்கும் அந்த இளம் தகப்பனின் முகம், பெற்ற தாய் எடுத்த காட்சி. படத்தில் எனக்கு மிகப் பிடித்த இடம் அது.

நம் வீடுகளிலும் இந்தத் தருணங்களை எடுக்கிறோம். சிராங்கூன் சாலைக் கோவில் மண்டபங்களில் நடக்கும் வளைகாப்புகளில் இரண்டு கேமராக்காரர்களாவது இருப்பார்கள். வளையல் அடுக்கிய கைகளை மெதுவாக ஓடவிட்டு, பின்னால் ஒரு பாட்டைச் சேர்த்து, ஒரு வாரத்தில் அழகாகக் கொடுத்துவிடுவார்கள். உழைத்துச் செய்கிற தொழில் அது. என்றாலும் அந்தப் படங்களில் இந்தப் பெண்ணை அந்தப் பெண்ணிடமிருந்து பிரித்தறிய முடியவில்லை. ஒரே கோணம், ஒரே பாட்டு, ஒரே பளபளப்பு. தன் மனைவியின் வயிற்றில் ஒளி எப்படி விழுகிறது என்று ஒரு கணவன் பார்த்த பார்வை எந்த ஒப்பந்தத்திலும் கிடைக்காது. பிராக்கேஜ் 1971இல் எழுதிய ஒரு கட்டுரையில் தொழில்முறையாளராக இல்லாமல் வீட்டில் படமெடுப்பவரின் பக்கம் நின்று வாதாடினார். தம்மை அவர் அந்த வரிசையில்தான் வைத்துக்கொண்டார்.

ஆனால் வீட்டைப் படமெடுப்பதில் ஒரு சிக்கல் உண்டு. கேமராவைப் பிடித்தவர் பார்வையே வீட்டின் பார்வையாகிவிடும். இதை அவருடைய தோழி, ஓவியரும் திரைக்கலைஞருமான கரோலி ஷ்னீமன் நேராகவே சொன்னார். 1959இல் பிராக்கேஜ் எடுத்த ஒரு படத்தில் அவர் தோன்றுகிறார். தன்னை அதில் காட்டிய விதம் அவருக்கு ஏற்பாக இல்லை. 1964இலிருந்து 1967 வரை உழைத்துத் தானே ஒரு படம் செய்தார். 'ஃபியூசஸ்'. தானும் தன் துணைவரும் வாழ்ந்த வாழ்க்கையைத் தன் கேமராவால் எடுத்து, சுருளின் மேல் வண்ணம் பூசி, கீறி, தீயில் வாட்டி முடித்தார். பிராக்கேஜைக் கொண்டாடுகிறவர்கள் இந்தப் பதிலையும் சேர்த்தே பார்க்க வேண்டும் என்பது என் உறுதியான எண்ணம். நம் குழுவில் ஒரு பாலிடெக்னிக் மாணவி தன் பாட்டியை எடுக்கத் தொடங்கினாள். பாட்டி, முகத்தை எடுக்காதே, கையை மட்டும் எடு என்றார். அவள் கையை மட்டும் எடுத்தாள். தேக்காச் சந்தையில் வாங்கிய கீரையை அந்தக் கை ஆய்வதுதான் படம். கட்டுப்பாடு போட்டவரும் அந்தப் படத்தை எடுத்தவர்தான் என்று அவள் இரண்டு பெயர்களையும் முடிவில் சேர்த்தாள். எனக்கு மிகவும் நிறைவாக இருந்தது.

'டாக் ஸ்டார் மேன்' பற்றி நீளமாக எழுதப் போவதில்லை. 1961 முதல் 1964 வரை ஒரு முன்னுரையும் நான்கு பகுதிகளுமாக வந்த படம். ஒரு மனிதன் கோடரியோடும் நாயோடும் பனிமலை ஏறுகிறான், அவ்வளவுதான் நிகழ்ச்சி. 1992இல் அமெரிக்க நாடாளுமன்ற நூலகத்தின் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் சேர்க்கப்பட்டது. அவருடைய தலைசிறந்த படைப்பு என்று எங்கும் எழுதப்பட்டிருக்கும். முன்னுரைப் பகுதி உண்மையில் வியக்கவைப்பது. சூரியனின் தீநாக்குகளும் இரத்த நாளங்களும் மரப்பட்டையும் ஒன்றின் மேல் ஒன்றாக ஓடி, எது உடல் எது அண்டம் என்பது கலைந்துவிடுகிறது. மற்றப் பகுதிகளில் அந்த மலையேறும் வீரனின் பெருமிதம் எனக்கு ஒட்டவில்லை. பெரிய கருத்துகளை விட்டுவிட்டு அவர் சமையலறைக்கும் தோட்டத்துக்கும் திரும்பும்போதுதான் எனக்கு நெருக்கமாகிறார்.

அப்படித் திரும்பவைத்த நிகழ்வு ஒன்று 1964இல் நடந்தது. நியூயார்க்கில் அவருடைய 16 மி.மீ. கருவிகள் திருடு போயின. மறுபடி வாங்கப் பணம் போதவில்லை. அந்த நாட்களில் குடும்பத்தினர் விடுமுறையில் படமெடுக்கப் பயன்படுத்திய 8 மி.மீ. கேமரா ஒன்றை வாங்கிக்கொண்டார். அந்தச் சின்னக் கேமராவால் 1964இலிருந்து 1969 வரை 'சாங்ஸ்' என்ற தலைப்பில் முப்பதைத் தொட்ட ஒரு வரிசையை எடுத்தார். பாடல்கள் என்று பெயர், ஒலி கிடையாது. பிள்ளைகளின் முகங்கள், ஜன்னல், மலை, நண்பர்கள். அதில் மிக நீளமான 23ஆவது பகுதி வியட்நாம் போர் பற்றியது. போர் அவர் வீட்டுக்குத் தொலைக்காட்சி வழியே வந்தது, வீட்டில் இருந்தபடியே அதற்கு முகம் கொடுத்தார். விலை குறைந்த கருவி, விலை குறைந்த சுருள், ஆனாலும் அவர் எடுத்துக்கொண்ட பொருள் சிறுத்துப் போகவில்லை.

சந்தைக் கணக்கு இங்கேதான் எனக்கு வேறுவிதமாகத் தெரிகிறது. பிராக்கேஜுக்கும் சந்தை இல்லை. அமெரிக்காவில், ஆங்கிலத்தில், பல கோடிப் பேர் நடுவே இருந்தும் இல்லை. அவர் வருமானத்தைக் கூட்டப் பார்க்கவில்லை, செலவைத் தரையோடு தரையாக்கினார். தொடக்க காலத்தில் விளம்பரப் படங்களிலும் நிறுவனப் படங்களிலும் கூலிக்கு வேலை செய்தார். பிறகு ஊர் ஊராகச் சென்று உரையாற்றினார், சிகாகோவில் கற்பித்தார், கொலராடோ பல்கலைக்கழகத்தில் நெடுங்காலம் கற்பித்தார். படங்களை 1962இல் திரைக்கலைஞர் ஜோனஸ் மேகஸும் நண்பர்களும் நியூயார்க்கில் தொடங்கிய திரைப்படக் கூட்டுறவு போன்ற அமைப்புகள் வாடகைக்கு விட்டன. அங்கே தேர்வுக்குழு இல்லை, படத்தை யார் வேண்டுமானாலும் கொடுக்கலாம், வாடகையின் பெரும்பங்கு எடுத்தவருக்கே போகும். அது ஒரு தொழில் இல்லை. ஒரு பழக்கம், ஒரு நட்பு வட்டம், ஒரு அலமாரி. அந்த அலமாரியிலிருந்து எடுத்த படங்கள்தான் பின்னால் வந்த எத்தனையோ பேருக்குப் பார்வை கொடுத்தன.

நம் ஊரிலேயே பாருங்கள். சிங்கப்பூர் இயக்குநர் கே. ராஜகோபால் 1995இலிருந்து தொடர்ந்து மூன்று ஆண்டுகள் சிங்கப்பூர் அனைத்துலகத் திரைப்பட விழாவில் குறும்படங்களுக்காக நடுவர் சிறப்புப் பரிசு பெற்றவர். அவருடைய முதல் முழுநீளப் படம் 'எ யெல்லோ பேர்ட்' கான் விழாவின் விமர்சகர்கள் வாரத்தில் திரையிடப்பட்டது 2016இல். இடையில் இரண்டு பத்தாண்டுகள். அவருடைய பாணி பிராக்கேஜின் பாணி இல்லை, அவரிடம் கதை உண்டு, மனிதர்கள் உண்டு. நான் சொல்ல வருவது அந்த இருபது ஆண்டுகளைப் பற்றி. முழுநீளப் படத்துக்கான பணமும் அனுமதியும் கூடி வரும்வரை காத்திருக்கும் காலத்தில் ஒருவர் என்ன செய்வது? நம் இளைஞர்களில் பலர் அந்தக் காத்திருப்பிலேயே ஆர்வத்தை இழந்துவிடுகிறார்கள். பெரிய படத்தின் மாதிரியாகவே சின்னப் படத்தையும் எடுக்கிறார்கள்: ட்ரோன் காட்சி, கண்ணீர் வசனம், வாடகைக்கு எடுத்த லென்ஸ். மூன்று நிமிடப் படம் தனக்கென்று ஒரு வடிவம் உள்ள பொருள், பாட்டு மாதிரி தனித்து நிற்கக்கூடியது என்று அவர்களுக்கு யாரும் காட்டுவதில்லை. அதைக் காட்டத்தான் நான் பிராக்கேஜைத் தூக்கிக்கொண்டு அலைகிறேன்.

1987இல் ஜேனுடனான மணவாழ்க்கை முடிந்தது. அதற்குப் பிறகான ஆண்டுகளில் அவர் படங்களில் கேமரா குறைந்து தூரிகை கூடியது. சுருளின் மேல் நேரடியாக வண்ணம் தீட்டினார். ஒரு நிமிடப் படத்துக்கு 1,440 சட்டகங்கள் வேண்டும், ஒவ்வொன்றும் நகத்தளவு. 1987இலேயே முடிந்த 'தி டான்டே குவார்ட்டெட்' ஏறத்தாழ 6 நிமிடம்தான் ஓடும். அதைத் தீட்ட 6 ஆண்டுகள் ஆயின. அதன் சில பகுதிகளை ஐமேக்ஸ் அளவுப் பெரிய சுருளிலும் சிலவற்றை 35 மி.மீ. சுருளிலும் செய்தார். தடிமனாக அப்பிய நிறம் உலர்ந்து வெடித்த விரிசல்கள்கூடத் திரையில் மின்னுகின்றன. இத்தாலியக் கவிஞர் டான்டேயின் காவியத்தை ஒட்டி, நரகத்திலிருந்து விண்ணுலகம் வரை நான்கு பகுதிகள். ஆனால் அந்தத் தலைப்புகள் எதுவும் தெரியாமலே பார்க்கலாம். 1996இல் அவருக்குச் சிறுநீர்ப்பையில் புற்றுநோய் கண்டது. பல ஆண்டுகள் கையாண்ட சாயங்களே காரணமாக இருக்கலாம் என்று அவர் சந்தேகித்தார். எழுந்து உட்கார முடியாத கடைசி மாதங்களில் கறுப்புச் சுருளை எச்சிலால் நனைத்து விரல் நகத்தால் கீறி ஒரு படம் செய்தார். 'சைனீஸ் சீரீஸ்' என்று அதற்குப் பெயர். எங்கே கை நிற்கிறதோ அங்கே படம் முடியும் என்று முன்பே சொல்லி வைத்திருந்தார்.

இந்தச் சுருள் தீட்டும் வேலையைப் பிள்ளைகளோடு செய்து பார்ப்பது எளிது, செய்து பார்க்கும்படி எல்லோரையும் கேட்டுக்கொள்கிறேன். என்னிடம் ஒரு பழைய 16 மி.மீ. புரொஜெக்டர் உண்டு. 2017இல் மூடப்பட்ட சுங்கை ரோடு பழம்பொருள் சந்தையில் வாங்கியது. கூடவே கிடைத்த, யாருக்கும் வேண்டாத பழைய சுருள்களை வீட்டில் துணி வெளுக்கும் பிளீச் திரவத்தில் ஊறவைத்தால் மேலே உள்ள படப்பூச்சு கரைந்து கண்ணாடி போல் தெளிந்த வெறும் நாடா மிஞ்சும். பெரியவர்கள் கையுறை போட்டு, ஜன்னலைத் திறந்துவைத்து இதைச் செய்ய வேண்டும். நன்றாகக் கழுவிக் காயவைத்து, சாப்பாட்டு மேசையில் நீளமாக விரித்து, அழியாத மை மார்க்கர்களைப் பிள்ளைகளிடம் கொடுத்துவிடலாம். சிறுவர்கள் முதலில் ஒரு பெரிய பூவை வரைவார்கள். ஓட்டிப் பார்த்தால் அந்தப் பூ திரையில் ஒரு நொடி சிதறிப் போய்விடும். அதைப் பார்த்த என் அக்கா மகள் தானே கண்டுபிடித்தாள்: ஒரே புள்ளியை ஒவ்வொரு சட்டகத்திலும் போட்டால் அது நிற்கும், கொஞ்சம் தள்ளித் தள்ளிப் போட்டால் நடக்கும், கை நடுங்கினால் புள்ளியும் நடுங்கும். இதைவிட நல்ல முதல் பாடம் எந்தத் திரைப்படப் பள்ளியிலும் இருக்குமா என்று தெரியவில்லை. அவளுக்குச் சந்தையைப் பற்றி யாரும் சொல்லவில்லை.

புரொஜெக்டர் இல்லாதவர்கள் ஃபோனிலேயே எடுக்கலாம். தீபாவளி ஒளியூட்டின்போது சிராங்கூன் சாலையில் நின்று எல்லோரும் ஒரே வளைவை எடுக்கிறார்கள். அதே விளக்கு, மழை பெய்து முடிந்த கேம்பல் லேன் தரையில் எப்படி உடைந்து கிடக்கிறது என்று ஒரு நிமிடம் எடுங்கள். ஒலியை அணைத்துவிட்டு யாரிடமாவது காட்டுங்கள். பாட்டுப் போட்டால் நன்றாக இருக்குமே என்று அவர் சொல்லக்கூடும். போடாதீர்கள்.

பார்க்கத் தொடங்குகிறவர்களுக்குச் சில நடைமுறைக் குறிப்புகள். 'மாத்லைட்' முதலில். இரண்டாவதாக 1981இல் அவர் அதே ஒட்டு நாடா முறையில் மலைத்தாவரங்களை வைத்துச் செய்த 'தி கார்டன் ஆஃப் எர்த்லி டிலைட்ஸ்', அது இரண்டு நிமிடத்துக்கு மேல் அதிகம் போகாது. பிறகு பிறப்புப் படம், பிறகு 'தி டான்டே குவார்ட்டெட்'. அறையை முழுதாக இருட்டாக்குங்கள். எம்ஆர்டியில் ஃபோனில் பார்க்க வேண்டாம், வேகமான வெட்டுகள் அந்தச் சிறு திரையில் வெறும் மினுக்கலாகிவிடும். மினுமினுக்கும் ஒளியால் வலிப்பு வரக்கூடியவர்கள் இந்தப் படங்களைத் தவிர்ப்பது நல்லது. ஒரு படத்தை இரண்டு முறை பாருங்கள், எல்லாமே சின்னப் படங்கள்தானே. முதல் முறை இது என்ன என்று மூளை கேட்டுக்கொண்டே இருக்கும், இரண்டாவது முறை அந்தக் கேள்வி ஓய்ந்துவிடும். 1971இல் பிட்ஸ்பர்க் நகரின் பிணக்கிடங்கில் அவர் எடுத்த 32 நிமிடப் படத்தை மட்டும் இப்போது தொடாதீர்கள். பிணப் பரிசோதனையை விலகாமல் பார்க்கும் படம் அது. அதைத் தனியாக உட்கார்ந்து பார்க்காமல், பார்த்த பிறகு பேச ஒருவர் பக்கத்தில் இருக்கும் நாளாகப் பார்த்து வையுங்கள்.